நூற்றுக்கு நூறு கேட்காத வீடு

*உழைப்பால் உயர்ந்த கொங்கு நாடு, அந்த உழைப்பின் வேகத்தைப் பிள்ளைகளின் தோளில் ஏற்றியிருக்கிறது. எதிர்பார்ப்பைக் கொஞ்சம் இறக்கி வைத்தால் வாழ்க்கை தாழ்ந்துவிடுமா?*

பிளஸ் டூ முடிவு வெளியான மறுநாளே, கோவையிலிருந்து ஈரோடு, திருச்செங்கோடு வழியாக நாமக்கல் போகும் சாலையோரம் ஃப்ளெக்ஸ் பேனர்கள் எழும்பிவிடும். பாஸ்போர்ட் அளவுப் படங்கள் வரிசை வரிசையாக இருக்கும். ஒவ்வொரு படத்துக்குக் கீழும் ஒரு மதிப்பெண், உச்சியில் எந்தப் பாடத்தில் எத்தனை சென்டம் என்ற கணக்கு. மேல் வரிசையில் முகம் பெரிதாக இருக்கும். கீழே வர வர சிறுத்துக்கொண்டே போகும். அந்தப் பள்ளியில் படித்து நல்லபடியாகத் தேறிய மற்ற பிள்ளைகளுக்கு அந்தப் பேனரில் இடமே இல்லை. எண்பது விழுக்காடு வாங்கிய பிள்ளை, சொந்தக்காரர்கள் வீட்டுக்கு வந்தால் உள்ளறைக்குப் போய்விடுகிறது. அம்மா "ஏதோ பாஸ் பண்ணிட்டானுங்க" என்று குரலைத் தாழ்த்திச் சொல்கிறார். தேறிய பிள்ளையும் தோற்றதாக நினைத்துக்கொள்கிறது. பெற்றோரும் அப்படியே நினைக்கிறார்கள்.

இதற்கு மருந்தாக, ஆசையைக் குறைத்துக்கொள்ளுங்கள் என்று உபதேசம் செய்வது எளிது. மேட்டாங்காட்டில் கிணறு வெட்டி, கடன் வாங்கிப் பட்டறை போட்டு, ஒரு தலைமுறையில் மேலே வந்த மக்களிடம் அந்தப் பேச்சு எடுபடாது, எடுபடவும் கூடாது. இந்த எதிர்பார்ப்பு எங்கிருந்து வந்தது, எதைச் சாதித்தது, எந்த இடத்தில் எல்லை தாண்டியது என்று பார்த்தால்தான் எதை விடலாம், எதை வைத்துக்கொள்ளலாம் என்பது தெரியும். பிள்ளை நன்றாக வர வேண்டும் என்ற நம்பிக்கையை யாரும் கைவிட வேண்டியதில்லை. இந்த மதிப்பெண், இந்தப் படிப்பு, இந்த வருடம் என்று அந்த நம்பிக்கையோடு நாம் சேர்த்துக் கட்டியிருக்கும் நிபந்தனையை அவிழ்த்தால் போதும். வீட்டின் நிம்மதியும், பெரும்பாலான நேரங்களில் பிள்ளையின் வளர்ச்சியும் அதில்தான் இருக்கின்றன என்பதே இந்தக் கட்டுரையின் வாதம்.

முட்டைக்கும் லாரிக்கும் பிறகு

நாமக்கல் என்றால் முட்டையும் லாரியும், திருச்செங்கோடு என்றால் போர்வெல் ரிக் வண்டியும் நினைவுக்கு வந்த காலத்தில், இந்த வட்டாரம் இன்னொரு தொழிலையும் சத்தமில்லாமல் வளர்த்தது. உண்டு உறைவிடப் பள்ளிகள்தான் அது. தமிழ்நாட்டின் பல மாவட்டங்களிலிருந்து பெற்றோர்கள் பெட்டி படுக்கையோடு பிள்ளைகளைக் கொண்டுவந்து ராசிபுரத்திலும் நாமக்கல்லிலும் விட்டுப் போனார்கள். விடிவதற்கு முன்பே எழுப்பி ஸ்டடி, பிறகு வகுப்பு, தினமும் தேர்வு, சாப்பாட்டுக்குப் பின் மறுபடி ஸ்டடி, தூக்கம் வரும்வரை ரிவிஷன் என்று நாள் ஓடும். பல பள்ளிகளில் பிளஸ் ஒன் பாடத்தை ஒப்புக்கு நடத்திவிட்டு, பிளஸ் டூ பாடத்தையே இரண்டு ஆண்டுகள் திரும்பத் திரும்ப எழுத வைத்தார்கள். பக்கத்துக் கோழிப் பண்ணைகளைப் பார்த்துத்தான் மக்கள் இவற்றுக்கு 'பிராய்லர் பள்ளி' என்று பெயர் வைத்தார்கள். பெயரில் கசப்பு இருந்தது. ஆனாலும் அட்மிஷனுக்கு வரிசை குறையவில்லை.

அதற்குக் காரணமும் இருந்தது. தொழிற்படிப்புகளுக்கான நுழைவுத் தேர்வை ரத்து செய்யும் தமிழகச் சட்டம் 2007இல் நடைமுறைக்கு வந்தபின், மருத்துவமோ பொறியியலோ எதுவானாலும் பிளஸ் டூ மதிப்பெண் ஒன்றுதான் தீர்மானித்தது. 200க்குக் கணக்கிடும் கட்-ஆஃபில் கால் மதிப்பெண் குறைந்தாலும் தரவரிசையில் எத்தனையோ பேர் முன்னால் போய்விடுவார்கள். ஒவ்வொரு மதிப்பெண்ணுக்கும் விலை இருக்கும்போது, அதைத் தயாரிக்கும் இடத்துக்குப் பெற்றோர் போனதில் வியப்பில்லை. பெற்றோரின் பேராசை என்று இதை ஒதுக்குவது நியாயமாகாது. சீட்டைப் பங்கிடும் முறையே அவர்களை அந்த வாசலில் கொண்டுவந்து நிறுத்தியது.

2017 மே மாதத்தில் அரசு ஒரு முடிவெடுத்தது. பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ தேர்வுகளில் இனி மாநில, மாவட்ட ரேங்க் அறிவிப்பதில்லை என்றது. அறிவித்த அன்றைய பள்ளிக் கல்வி அமைச்சர் கே.ஏ.செங்கோட்டையன் கோபிசெட்டிபாளையத்துக்காரர்; ரேங்க் பள்ளிகளின் மண்ணைச் சேர்ந்த ஒருவரே அதைச் சொன்னார். பிளஸ் டூவின் மொத்த மதிப்பெண்ணை 1200இலிருந்து 600 ஆகச் சுருக்கும் முடிவும் அதே ஆண்டில் வந்தது. பிளஸ் ஒன்னுக்கும் பொதுத் தேர்வு கொண்டுவரப்பட்டு 2018 மார்ச்சில் முதல் தேர்வு நடந்தது. (அந்தப் பிளஸ் ஒன் பொதுத் தேர்வு 2025இல் வெளியான மாநிலக் கல்விக் கொள்கையில் கைவிடப்பட்டது.) ஆண்டுதோறும் நாளிதழ்களின் முதல் பக்கத்தை நிறைத்த 'ஸ்டேட் ஃபர்ஸ்ட்' செய்தி அந்த ஆண்டோடு நின்றது. அதனால் எந்தக் கல்லூரியும் மூடப்படவில்லை, யாருடைய சீட்டும் பறிபோகவில்லை. ஒரு மாநிலமே முக்கியம் என்று நம்பிய ஓர் அறிவிப்பை ஒரே நாளில் விட்டுவிட்டு, முன்பு போலவே நடந்தது. எதிர்பார்ப்பை விட்டால் எல்லாம் சரிந்துவிடும் என்று அஞ்சுகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டிய சான்று இது.

அந்த முடிவு எங்கே போதாமல் போனது என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். நீட் தேர்வு தமிழ்நாட்டில் விலக்கின்றி நடைமுறைக்கு வந்ததும் அதே 2017இல்தான். 1200 என்ற இடத்தில் நீட்டின் 720 வந்து உட்கார்ந்தது. ரேங்க் பள்ளிகள் பல நீட் பயிற்சி மையங்களை இணைத்துக்கொண்டன. மறுபடி நீட் எழுதும் பிள்ளையைக் குறிக்கும் 'ரிப்பீட்டர்' என்ற சொல் வீட்டுப் பேச்சில் நுழைந்தது. அரசு ஓர் எண்ணை எடுத்தால் வீடு இன்னொரு எண்ணைப் பிடித்துக்கொள்கிறது. சட்டத்தால் செய்யக்கூடியது ஓரளவுதான். மீதி வேலை வீட்டுக்குள் நடக்க வேண்டியது.

ஆசைக்குப் பின்னால் நிற்கும் பயம்

கொங்குப் பெற்றோரின் எதிர்பார்ப்பைப் பேராசை என்று படித்தால் தவறாகப் படிக்கிறோம். அது பெரும்பாலும் பயம். பைக்காரா நீர்மின் திட்டம் 1930களில் மின்சாரம் கொண்டுவந்தபின் கோவையில் பஞ்சாலைகளும் பவுண்டரிகளும் மோட்டார் பம்ப் பட்டறைகளும் பெருகின. பின்னர் திருப்பூர் பனியன் ஏற்றுமதி நகரமானது. அந்த வளர்ச்சியை நேரில் பார்த்த தலைமுறையே அதன் நடுக்கத்தையும் பார்த்தது. 2011 ஜனவரியில் நொய்யல் மாசு வழக்கில் சென்னை உயர் நீதிமன்றம் திருப்பூரின் சாயப்பட்டறைகளை மூட உத்தரவிட்டது. அதையொட்டிய ஆண்டுகளில் மணிக்கணக்கான மின்வெட்டு கோவையின் ஜாப் ஆர்டர் பட்டறைகளை முடக்கிப்போட்டது. 2016இல் பணமதிப்பிழப்பு, 2017இல் ஜி.எஸ்.டி. இரண்டு லேத் மெஷின் வைத்துப் பிழைப்பவருக்கு இவை ஒவ்வொன்றும் அடுத்த மாத வாடகையைப் பற்றிய கேள்வி. விவசாயத்தில் இருப்பவருக்கு நிலத்தடி நீர் கீழே போய்க்கொண்டே இருக்கிறது. 'நாம பட்ட பாடு புள்ள படக் கூடாதுங்க' என்ற வாக்கியம் இந்த அனுபவத்திலிருந்து வருகிறது. டாக்டர் சீட்டோ ஐ.டி. வேலையோ அவர்கள் கண்ணுக்குப் பெருமைக்கு முன்பு பாதுகாப்பாகத் தெரிகிறது.

இதோடு குடும்பத்தின் அளவும் சேர்ந்துகொண்டது. தமிழ்நாட்டில் பிறப்பு விகிதம் முன்னதாகவே குறைந்த வட்டாரங்களில் கொங்கும் ஒன்று. ஐந்து பிள்ளைகள் இருந்த வீட்டில் ஒருவர் தோட்டம் பார்த்தார், ஒருவர் லாரிக்குப் போனார், ஒருவர் படித்தார். குடும்பத்தின் நம்பிக்கை ஐந்து பேரிடம் பரவியிருந்தது. இப்போது ஒன்றோ இரண்டோ பிள்ளைகள். தாத்தாவின் ஏக்கம், அப்பாவின் கடன், அம்மா விட்டுப்போன படிப்பு எல்லாம் சேர்ந்து ஒரே புத்தகப் பையில் ஏறுகிறது. பயத்தைப் பிள்ளையிடம் பயம் என்று சொல்லியிருந்தால், அதுவும் புரிந்துகொண்டிருக்கும். 'இன்னுங் கொஞ்சம் படி கண்ணு' என்று மட்டும் சொன்னால், தான் போதாதவன் என்றுதான் அது கேட்டுக்கொள்கிறது.

கூடுதல் ஆசை எப்போது குறைக்கிறது

எதிர்பார்ப்பு அதிகமானால் சாதனையும் அதிகமாகும் என்பது பொது நம்பிக்கை. அதைச் சோதித்த ஓர் ஆய்வு உண்டு. ஜெர்மனியின் பவேரியா மாநிலத்தில் 2002 முதல் 2007 வரை 3,530 மாணவர்களையும் அவர்களுடைய பெற்றோரையும் ஆண்டுதோறும் பின்தொடர்ந்து திரட்டிய தரவுகளைக் கொண்டு, கவு முரயாமாவும் சக உளவியலாளர்களும் செய்தது அது. பெற்றோரிடம் இரண்டு கேள்விகளைத் தனித்தனியாகக் கேட்டார்கள். உங்கள் பிள்ளை கணிதத்தில் எந்த அளவு வர வேண்டும் என்று விரும்புகிறீர்கள்? உண்மையில் எந்த அளவு வர முடியும் என்று நம்புகிறீர்கள்? விருப்பம் உயர்ந்த வீடுகளில் பிள்ளையின் கணிதம் உயர்ந்தது உண்மைதான். ஆனால் விருப்பம் நம்பிக்கையைத் தாண்டிப் போன வீடுகளில், தாண்டிய அளவுக்குப் பிள்ளையின் தேர்ச்சி பின்னுக்குப் போனது. தன் பிள்ளையால் முடியும் என்று உள்ளூர நம்பாத ஒன்றைப் பெற்றோர் அதனிடமே கேட்கும்போது, மதிப்பெண் கூடுவதற்குப் பதில் குறைகிறது. நிம்மதிக்காக மட்டுமல்ல, மதிப்பெண்ணுக்காகவும் அந்த இடைவெளியைக் குறைக்க வேண்டியிருக்கிறது.

வேண்டியதெல்லாம் கிடைத்த பிறகாவது மன நிறைவு வருகிறதா? அமெரிக்காவில் ஷீனா ஐயங்காரும் ரேச்சல் வெல்ஸும் பேரி ஸ்வார்ட்ஸும் கல்லூரி முடித்து வேலை தேடியவர்களை ஆராய்ந்து 2006இல் எழுதினார்கள். இருப்பதிலேயே சிறந்த வேலைதான் வேண்டும் என்று தேடியவர்கள், போதுமான நல்ல வேலை கிடைத்தால் சரி என்றவர்களைவிடச் சுமார் 20 விழுக்காடு கூடுதல் சம்பளத்தில் சேர்ந்தார்கள். ஆனால் கிடைத்த வேலையில் மனநிறைவு அவர்களுக்குத்தான் குறைவு. கைக்கு வராத மற்ற வாய்ப்புகள் அவர்கள் மனத்தை விடவில்லை. உயர்ந்த எதிர்பார்ப்பு பணத்தைக் கொண்டுவரலாம்; அந்தப் பணத்தை அனுபவிக்கும் மனத்தை அது எடுத்துக்கொண்டு போயிருக்கலாம். எதற்காக இவ்வளவு பாடுபட்டோமோ அந்தச் சுகத்தையே பாடு தின்றுவிடுகிறது.

கொங்குக்காரர்களுக்கு இதை விளக்க போர்வெல் ஒன்று போதும். நானூறு அடியில் தண்ணீர் இல்லை. இவ்வளவு செலவழித்தாயிற்று, இன்னும் இருநூறு அடி போகலாம் என்கிறது மனம். அறுநூறு எண்ணூறாகிறது, எண்ணூறு ஆயிரமாகிறது. ஒவ்வோர் அடிக்கும் முந்தைய அடியின் செலவே நியாயமாக நிற்கிறது. அனுபவப்பட்ட விவசாயி ரிக் வண்டி வருவதற்கு முன்பே எத்தனை அடியில் நிறுத்துவது என்று முடிவு செய்துவிடுகிறார். புழுதி கிளம்பி, சுற்றி நாலு பேர் நின்று யோசனை சொல்லும்போது அந்த முடிவை எடுக்க முடியாது என்பது அவருக்குத் தெரியும். இரண்டாவது முறை நீட், மூன்றாவது முறை நீட் என்று நீளும் வீடுகளில் பெரும்பாலும் இல்லாதது இந்த முன்முடிவுதான்.

இதை மறந்த சமூகம் கொடுக்கும் விலையைத் தேசியக் குற்ற ஆவணக் காப்பகம் ஆண்டுதோறும் பதிவு செய்கிறது. 2022இல் இந்தியா முழுக்க 13,044 மாணவர்கள் தற்கொலை செய்துகொண்டார்கள். மகாராஷ்டிராவுக்கு அடுத்தபடியாக அதிக எண்ணிக்கை தமிழ்நாட்டில்: 1,416. ஒரு மரணத்துக்கு ஒற்றைக் காரணம் இருப்பதில்லை. இவை எல்லாவற்றையும் பெற்றோரின் எதிர்பார்ப்பின் மேல் போடுவது பொய், துயரத்தில் இருப்பவர்களுக்குச் செய்யும் கொடுமையும்கூட. ஆனால் தேர்வு முடிவு வரும் வாரத்தில், தான் வாங்கிய எண்ணைவிடத் தான் பெரியவன் என்று பிள்ளை உறுதியாக நம்புவதற்கு வீட்டில் ஒருவராவது இருக்க வேண்டும். மனம் தாங்கவில்லை என்றால் 104 எண்ணிலும் 14416 எண்ணிலும் பேசக் காத்திருக்கிறார்கள் என்பதை ஒவ்வொரு பிள்ளையும் முடிவு வருவதற்கு முன்பே அறிந்திருக்க வேண்டும்.

எதிர்ப்புகளும் பதில்களும்

முதல் எதிர்ப்பு இந்த மண்ணிலிருந்தே எழும். எதிர்பார்ப்பும் வெறித்தனமான உழைப்பும் இல்லாமல் கொங்கு எப்படி உயர்ந்தது? நியாயமான கேள்வி. திருப்பூரைப் பற்றி ஷரத் சாரி 2004இல் வெளியிட்ட ஆய்வு நூல், பனியன் கம்பெனி முதலாளிகளில் கணிசமானோர் உழவுக் குடும்பத்திலிருந்து வந்து தொழிலாளிகளாகத் தொடங்கியவர்கள் என்று காட்டுகிறது. வெற்றிக்கு அவர்கள் சொன்ன காரணம் உழைப்பு. ஆனால் அந்த உழைப்பின் தன்மையைக் கவனிக்க வேண்டும். அவர்கள் எதிர்பார்த்தது தங்களிடம், தங்கள் கையிலிருந்த வேலையில். கட்டிங்கில் ஒத்துவராவிட்டால் நிட்டிங், ஒரு பார்ட்னர் பிரிந்தால் இன்னொருவர், இந்த சீசன் நஷ்டமானால் அடுத்த சீசன். ஜி.டி.நாயுடு தொடக்கப் பள்ளியோடு படிப்பை நிறுத்தியவர். 1920இல் பொள்ளாச்சி – பழனி தடத்தில் ஒரு பஸ் விட்டுத் தொடங்கினார். அவரைப் போன்ற அபூர்வமானவரைக் காட்டி, படிக்காவிட்டாலும் பரவாயில்லை என்று சொல்ல முடியாது, சொல்லவும் கூடாது. அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது வேறு: இந்த ஊர் வளர்ந்தது பல வாசல்கள் திறந்திருந்ததால். ஒன்றில் தோற்றவர் இன்னொன்றில் நுழைய முடிந்தது. பதினேழு வயதில் ஒரே வாசலைக் காட்டி, அது மூடினால் எல்லாம் முடிந்தது என்று சொல்வது கொங்கின் மரபுக்கே எதிரானது.

இரண்டாவது எதிர்ப்பு ஆசிரியர்களிடமிருந்து வரும். நாம் எதிர்பார்க்காவிட்டால் பிள்ளை முயலாதே? இதற்கு ஆதரவாக ராபர்ட் ரோசன்தாலும் லெனோர் ஜேக்கப்சனும் 1968இல் வெளியிட்ட புகழ்பெற்ற ஆய்வைக் காட்டுவார்கள். இந்தப் பிள்ளைகள் விரைவில் மலரப் போகிறார்கள் என்று சில பெயர்களை ஆசிரியர்களிடம் சொன்னார்கள். அந்தப் பெயர்கள் குருட்டாம்போக்கில் எடுத்தவை. ஆனாலும் சிறு வகுப்புகளில் அந்தப் பிள்ளைகள் மற்றவர்களைவிட முன்னேறினார்கள். அதன் முடிவுகளின் அளவு பற்றிப் பின்னால் விவாதங்கள் எழுந்தன. மையக் கருத்தை ஏற்றுக்கொள்வதில் தடையில்லை. அங்கே நடந்தது என்ன? ஆசிரியர் பிள்ளையை நம்பினார். 'சென்டம் வாங்காவிட்டால் உன்னோடு பேசமாட்டேன்' என்று அவர் சொல்லவில்லை. நம்பிக்கை பிள்ளைக்குத் தருவது. நிபந்தனை பிள்ளையிடமிருந்து கேட்பது. முந்தையது எவ்வளவு இருந்தாலும் நல்லது.

மூன்றாவது எதிர்ப்புதான் கனமானது. எதிர்பார்ப்பைக் குறை என்று காலம் காலமாக யாரிடம் சொல்லப்பட்டது? சாதியின் பெயரால் ஒடுக்கப்பட்டவர்களிடமும் ஏழைகளிடமும்தான். உனக்கு எதற்கு இவ்வளவு படிப்பு என்ற கேள்வியைக் கேட்டுக் கேட்டு வளர்ந்த குடும்பத்தின் முதல் பட்டதாரியிடம் போய், போதும் என்ற மனம் வேண்டும் என்பது அநீதி. இதை முழுமையாக ஏற்க வேண்டும். கொங்கில் அருந்ததியர் வீட்டுப் பிள்ளை சுமப்பது தன் மேல் மற்றவர்கள் வைத்திருக்கும் தாழ்ந்த எதிர்பார்ப்பைத்தான். 2009இல் தமிழ்நாடு அருந்ததியருக்கு 3 விழுக்காடு உள் ஒதுக்கீடு தந்தது. 2020இல் அரசுப் பள்ளி மாணவர்களுக்கு மருத்துவத்தில் 7.5 விழுக்காடு இடம் ஒதுக்கியது. சமூகத்திடமும் அரசிடமும் கேட்பது இன்னும் உயர வேண்டும், ஒரு படிகூடக் குறையக் கூடாது. ஆனால் அந்த நீதியைப் பெற்றுத்தரும் பொறுப்பை ஒரு பதினேழு வயதுப் பெண்ணின் ஒரே தேர்வின் மேல் வைக்கக் கூடாது. வாய்ப்பை உயர்த்துவது ஊரின் கடமை. அந்தச் சுமையையும் சேர்த்து அவளையே தூக்கச் சொன்னால், ஊர் தன் வேலையிலிருந்து நழுவுகிறது.

திருக்குறளில் அவா அறுத்தலுக்கு ஓர் அதிகாரம் இருக்கிறது, ஊக்கமுடைமைக்கும் ஓர் அதிகாரம் இருக்கிறது. இரண்டையும் ஒரே நூலில் வைத்தவருக்கு அவை மோதுவதாகத் தோன்றவில்லை. முதலாவது பற்றைப் பற்றியது, மற்றது முயற்சியைப் பற்றியது. முழு மூச்சாக முயல்வதும் முடிவைக் கைக்குள் வைத்து இறுக்காமல் இருப்பதும் ஒரே மனிதரால் முடியும். நன்றாக உழுது விதைத்துவிட்டு மழையைத் திட்டாமல் இருக்கத் தெரிந்த குடியானவர்கள் இந்த மண்ணில் எத்தனையோ தலைமுறையாக அப்படித்தான் வாழ்ந்திருக்கிறார்கள்.

வீட்டில் செய்யக்கூடியவை

அப்படியானால் விடுவது நடைமுறையில் எப்படி இருக்கும்? தேர்வுக்கு முன்பே, பிள்ளையையும் உட்கார வைத்து, ஏற்றுக்கொள்ளக்கூடிய மூன்று பாதைகளையாவது குடும்பம் பேசி எழுதிவைக்கலாம். பொறியியல் இல்லையென்றால் பி.எஸ்சி., அதுவும் இல்லையென்றால் பாலிடெக்னிக் என்று இறங்குமுகமாக எழுதுவதில் பயனில்லை. மூன்றும் மூன்று நல்ல வாழ்க்கை என்று உண்மையாக நம்பி எழுத வேண்டும். மோட்டாரும் பம்பும் வார்ப்பும் செய்யும் ஊரில், கையில் தொழில் தெரிந்த டிப்ளமோ பையனுக்கு மரியாதை இல்லை என்று சொல்வது நம் ஊரையே நாம் அவமதிப்பது. நீட்டை இன்னொரு முறை எழுதுவதென்றால் எத்தனை முறை என்பதை முதல் முறை எழுதும்போதே முடிவு செய்ய வேண்டும். 'உனக்காக இவ்வளவு செலவு பண்ணியிருக்கோம்' என்ற வாக்கியத்தை வீட்டில் யாரும் சொல்வதில்லை என்று தீர்மானிக்கலாம். செலவு பெற்றோர் எடுத்த முடிவு. அதைத் திருப்பித் தருவதாகப் பிள்ளை எங்கும் கையெழுத்துப் போடவில்லை. கல்யாண வீட்டிலும் சீர் வீட்டிலும் மதிப்பெண் விசாரிப்பவர்களுக்கு, 'நல்லாப் படிக்கிறாளுங்க' என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம்.

பள்ளிகளுக்கும் ஒரு வேண்டுகோள். பேனர் வைத்தால் தேறிய எல்லோரையும் போடுங்கள், இல்லையென்றால் வைக்காதீர்கள். சேர்த்த எல்லாப் பிள்ளைகளிடமும் கட்டணம் வாங்கிவிட்டு முதல் வரிசையை மட்டும் ஊருக்குக் காட்டுவது கல்விக்கு அழகில்லை.

நிபந்தனை போனால் பெற்றோருக்குக் கிடைப்பது சிறிய லாபமில்லை. பிள்ளையின் சீட்டுக்காகத் தள்ளிவைத்த தூக்கம், சேர்ந்து சாப்பிடாத இரவுச் சாப்பாடு, சண்டையில் முடிந்த ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் அவர்களுடைய வாழ்க்கையும்தான். பயம் முழுதாகப் போய்விடாது. தொழில் நடுங்கும், தண்ணீர் கீழே போகும். ஆனால் அந்தப் பயத்துக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் பெரியவர்களும் அரசும்தான், பிளஸ் டூ படிக்கும் பிள்ளை இல்லை. எந்த மதிப்பெண் வந்தாலும் இந்த வீட்டில் தன் இடம் மாறாது என்று தெரிந்த பிள்ளைதான் தைரியமாக முயலும், தோற்றால் எழுந்து இன்னொரு வாசலைத் தட்டும். அந்த உறுதியைத் தருவதற்குப் பணம் வேண்டாம், கோச்சிங் சென்டர் வேண்டாம், முடிவு வரும்வரை காத்திருக்கவும் வேண்டாம். இன்று இரவே சொல்லிவிடலாம்.